மூன்று குழிகளுக்குள் ஒரு பூட்ஸ்

அவெனீர் குழி தோண்டினால் அது குழியாக இருக்காது, சுரங்கமாக இருக்கும். ஆயுள் முழுக்கச் சரக்கு ரயில் ஓட்டி ஓய்வு பெற்றவன். ஒரு தேக்கரண்டி சர்க்கரை எடுப்பதானாலும் தனக்குப் பின்னால் அறுபது பெட்டி நிலக்கரி கோத்திருப்பது போலத்தான் எடுப்பான். ஸ்மரோதினா என்கிற சின்னக் கறுப்புப் பழப் புதர்ச்செடிக்கு இரண்டு மண்வெட்டி ஆழம் போதும் என்பது உரால் மலைப்பக்கத்துச் சில்வா நதிக்கரைத் தோட்டங்களில் பால்குடிக் குழந்தைக்கும் தெரியும். அவெனீர் வெட்டிய குழிக்குள் ரஃபீஸின் டிராக்டரை இறக்கி, மேலே பலகை போட்டு மூடி, பலகைமேல் ஒரு கல்யாணத்தையே நடத்தி முடித்திருக்கலாம். அப்படி மூன்று.

ஆகஸ்ட் முடியப்போகும் சமயம். காலையில் ஆற்றிலிருந்து கிளம்பும் மூடுபனி வேலிகளைத் தின்றுவிட்டு வீட்டுக் கூரைகளை மட்டும் மிச்சம் வைக்கும். செடி நடுவது செப்டம்பர் கடைசியில்தான். ஆனால் மண்ணை முன்னமே தயார் செய்துவிட வேண்டும். வெட்டி, உரம் போட்டு, நிரப்பி, தண்ணீர் ஊற்றிவிட்டால் அது தானாக அமுங்கி உட்காரும். உட்காராத மண்ணில் நட்டால் குளிர்காலத்தில் வேர் அந்தரத்தில் தொங்கும்.

"என்ன அவெனீரு, மாஸ்கோ வரைக்கும் பாதாள ரயில் விடப்போறியா?" என்று வேலிக்கு மேலே ஒரு தலை கேட்டது. பக்கத்துத் தோட்டத்து ரஃபீஸ். தாத்தார் இனத்துக்காரன். உரம், டிராக்டர், அறிவுரை மூன்றும் அவனிடம் எப்போதும் கிடைக்கும். முதல் இரண்டுக்கு மட்டும் கேட்க வேண்டும்.

"ஸ்மரோதினாவுக்கு. தாஸ்யா மக வீட்டுல இருந்து வர்றதுக்குள்ள முடிச்சிடணும்."

"உன் பொண்டாட்டி போயிடுவாளோன்னு பயத்துல தோண்டுற மாதிரி இருக்கே."

அவெனீர் இன்னொரு மண்வெட்டி மண்ணை வாரி மேலே வீசினான். மறுப்பதற்கு என்ன இருக்கிறது, அதுதான் உண்மை.

நகரத்து வீட்டை மகளுக்குக் கொடுத்துவிட்டு, யாரோ முன்பின் தெரியாதவர்களின் வாரிசுகளிடமிருந்து தோட்டத்தோடு இந்த மரவீட்டை வாங்கியது போன வசந்தத்தில். அவெனீருக்கு வந்த அன்றே மண்ணோடு காதல் வந்துவிட்டது. அவன் மனைவி தாஸ்யாவுக்குத் தூக்கம் போய்விட்டது. வீடு தன்னைப் பார்த்து முகத்தைத் திருப்பிக்கொள்கிறது என்றாள். இரவெல்லாம் உட்கார்ந்திருப்பாள். கண்ணுக்குக் கீழே இரண்டு பிளம் பழம் தொங்கியது. கடைசியில் ஒருநாள் ரொட்டி அறுத்துக்கொண்டே சொல்லிவிட்டாள்: "முதல் பனி விழற வரைக்கும் பார்ப்பேன். அதுக்குள்ள இந்த வீடு என்னை ஏத்துக்கலன்னா நான் மக வீட்டுக்குப் போயிடுவேன். நீ இங்க உன் மண்ணோட குடும்பம் நடத்து."

சும்மா சொல்கிறவள் இல்லை தாஸ்யா. ஒரு தடவை பேச்சுவாக்கில் புகையிலை வாசனை பிடிக்கவில்லை என்றாள். அவெனீரின் புகைக்குழாய் அன்றைக்கே ஆற்றோடு போய்விட்டது, இந்நேரம் காஸ்பியன் கடலில் எந்த மீன் புகைத்துக்கொண்டிருக்கிறதோ.

ஆனால் கோடையின் நடுவில் ஒரு நல்லது நடந்தது. பிறந்த ஊரில் பூட்டிக் கிடந்த அவளுடைய பூர்வீக வீட்டை இடிக்கப்போகிறார்கள் என்று போய் வந்தாள். வந்த இரவு படுத்தவள் மறுநாள் மதியம்வரை எழவில்லை. அப்படி ஒரு குறட்டை. ஆற்றுக்கு அக்கரையில் மாடுகள் திரும்பிப் பார்த்தன. அதற்குப் பிறகு பாடிக்கொண்டே சமைத்தாள். "ஸ்மரோதினா இல்லாத வீடு ஒரு வீடா? இலைய கசக்கி மோந்து பார்த்தாத்தான் எனக்குத் தோட்டம்" என்றாள். அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டுதான் அவெனீர் தோண்டினான். புதர் காய்க்க இரண்டு வருஷம். காய்க்கும்வரை போகமாட்டாள். காய்த்துவிட்டால் ஜாம் காய்ச்சாமல் போகமாட்டாள். இதுதான் அவன் கணக்கு.

"அடியில என்ன போடப்போற?" என்றான் ரஃபீஸ்.

"மட்கின சாணி, சாம்பல், உருளைக்கிழங்குத் தோலு. இங்க வந்ததுல இருந்து தாஸ்யா காயவெச்சு மூட்டை கட்டி வெச்சிருக்கா."

"அது மேல போடறது. அடியில? நம்ம மண்ணு சல்லடைப்பா. கீழ பூரா ஜிப்சம் பாறை, பாறை பூரா பொந்து. இங்க ஒரு வாளி ஊத்தினா சீனாக்காரன் குடை பிடிப்பான். கம்பளி போடு. பழைய கம்பளிப் பூட்ஸ் இருந்தா வெட்டிப் போடு. தண்ணிய குடிச்சு வெச்சுக்கும். எங்கப்பா போட்டாரு, ஒவ்வொரு பழமும் பூனைத் தலை சைஸு."

"பூனைத் தலையா?"

"குட்டிப் பூனை."

அவெனீர் வீட்டுக்குள் போய்த் தேடினான். அவனுடையதும் தாஸ்யாவுடையதும் நல்ல பூட்ஸ்கள், குளிருக்கு வேண்டும். பெரிய செங்கல் அடுப்புக்குப் பின்னால் இருட்டில் ஒன்று நின்றது. ஒற்றை. ஜோடி இல்லை. பூச்சி அரித்து, முழங்கால்வரை வரும் தண்டு சரிந்து, நூறு வருஷத்துக் கிழம். தாஸ்யா ஊரிலிருந்து கொண்டுவந்த தட்டுமுட்டுச் சாமான்களோடு வந்ததாக இருக்கும். உள்ளே ஒரு துண்டு காய்ந்த கறுப்பு ரொட்டி. எலி இழுத்து வந்தது என்று நினைத்து அதை வெளியே குருவிகளுக்குப் போட்டான். கண்ணுக்கு முன்னால் இருக்கும் எதையும் விட்டுவைக்காத உரால் குருவிகள் அந்த ரொட்டியைச் சுற்றி நின்று பார்த்துவிட்டு, நடந்தே போயின.

விறகு வெட்டும் கட்டைமேல் பூட்ஸை வைத்துக் கோடாலியை இறக்கினான். பூட்ஸ் ஒரு சத்தம் போட்டது. 'ஹக்' என்று. தூக்கத்தில் வயிற்றில் இடி வாங்கிய ஆள் போடுகிற சத்தம். பழைய கம்பளிக்குள் அடைபட்ட காற்று என்று அவெனீர் முடிவு செய்தான். பிரேக் குழாயில் கேட்காததா! இன்னொரு தடவை இறக்கினான். இரண்டாவது வெட்டுக்குச் சத்தம் வரவில்லை. அதுதான் கொஞ்சம் உறுத்தியது.

மூன்று துண்டு. தண்டு முதல் குழிக்கு, முன்பாதம் நடுக்குழிக்கு, குதிகால் வேலியோரக் குழிக்கு. அதன்மேல் சாணம், தோல், சாம்பல். எல்லாவற்றையும் மேல்மண்ணோடு தோட்ட முள்கரண்டியால் கலக்கி, கட்டி உடைத்து, புல்வேர் ஒன்றுகூட விடாமல் பொறுக்கி, மாவு போலச் சலித்து நிரப்பி, வாளி வாளியாகத் தண்ணீர் விட்டான். அத்தனை தண்ணீரும் உள்ளே நின்றது. ரஃபீஸ் சொன்னது சரிதான்.

அன்று சாயங்காலம் அடுப்பு பற்றவில்லை. கட்டை காய்ந்த பிர்ச் மரம். குச்சியும் காய்ந்தது. தீக்குச்சியைக் கிட்டே கொண்டுபோனதும் அடுப்பு வாய் திறந்து புகையை அவன் முகத்தில் துப்பியது. ஊர் நூலகத்தில் இருக்கிற செய்தித்தாளை எல்லாம் எரித்திருப்பான், பலனில்லை. வாஸ்கா என்ற பூனை, மழை பெய்தால் ஒரு பாதத்தைக்கூட வாசலுக்கு வெளியே வைக்காத சோம்பேறி, மழையில் இறங்கிப் போய் நடுக்குழியின் மேல் சுருண்டு படுத்துக்கொண்டது. வீட்டுக்குள் அவெனீர் இருமினால் இருமல் நான்கு சுவரிலும் பட்டுத் திரும்பி வந்தது. மேசை, கட்டில், திரைச்சீலை எல்லாம் இருக்கிறது. ஆனாலும் சாமான் இறக்கிய சரக்குப் பெட்டிக்குள் நிற்பது போல இருந்தது.

காலையில் போய்ப் பார்த்தான். மண் அமுங்கி உட்கார்ந்திருக்க வேண்டும். மூன்று குழியும் மாவு உப்பியது போல மேலே எழும்பியிருந்தன. கையை வைத்தான். சூடு. அடை வைத்த கோழிக்கு அடியில் கையை விட்டால் வருமே, அந்தச் சூடு. சாணம் நொதிக்கிறது என்று சொல்லிக்கொண்டான். மட்கின சாணம் மறுபடி நொதிக்காது என்பதும் அவனுக்குத் தெரியும்.

முதல் குழிக்குள் யாரோ தொண்டையைச் செருமினார்கள்.

பெருச்சாளி, என்றான் அவெனீர் உரக்க. தன் குரல் தனக்கே வேறு யாருடையதோ போலக் கேட்டது. நடுக்குழிமேல் நின்றபோது அவன் காலுக்கு அடியில் எதுவோ மெல்ல இடித்தது, படுக்கையில் பக்கத்தில் படுத்திருப்பவர் கால்விரலால் இடிப்பார்களே, கொஞ்சம் தள்ளிப் படு என்று, அதுபோல. வேலியோரக் குழியில் இன்னும் விசேஷம். அங்கே நடை. டொக், டொக். ஒற்றைக் காலின் நடை. அவசரம் இல்லாமல், இடம் பார்க்க வந்தவர் போல, சுற்றிச் சுற்றி. அடுத்த நாள் அதே நடை கொஞ்சம் கீழே இறங்கியிருந்தது. அதற்கடுத்த நாள் மண்ணில் காதை வைத்துத்தான் கேட்க முடிந்தது. பாறைப் பொந்துக்குள் தண்ணீர் சொட்டுகிறது என்று ரஃபீஸிடம் சொன்னான். ரஃபீஸ் வேலிக்கு அந்தப் பக்கமே நின்றுகொண்டு, "தண்ணி பூட்ஸ் போட்டுட்டா சொட்டும்?" என்றான்.

தாஸ்யா மதிய பஸ்ஸில் வந்தாள். கையில் பெட்டி, தோளில் மகள் கொடுத்தனுப்பிய கம்பளிச் சால்வை. வாசலைத் தாண்டி ஓர் அடி வைத்தவள் அப்படியே நின்றாள்.

"வீடு ஏன் இப்படி இருக்கு?"

"எப்படி இருக்கு? பெருக்கித்தான் வெச்சிருக்கேன்."

"காலியா இருக்கு."

பெட்டியைக் கீழே வைக்காமல் நேரே அடுப்புக்குப் பின்னால் போனாள். அங்கே எதையோ நகர்த்திப் பார்க்கிற சத்தம் கேட்டது.

"அவெனீர். இங்க ஒரு பூட்ஸ் இருந்துச்சே."

"ஓ, அந்த ஒத்தையா!" என்றான் அவன். பல நாளாக இந்தப் பாராட்டுக்காகத்தானே காத்திருந்தான். "உன் ஸ்மரோதினாவுக்குத்தான் போட்டிருக்கேன். தண்ணி ஒரு சொட்டு கீழ போகல. வந்து பாரு!"

"போட்டிருக்கேன்னா?"

"வெட்டிப் போட்டிருக்கேன்."

தாஸ்யா கோட்டைக்கூடக் கழற்றாமல் பெஞ்சில் உட்கார்ந்தாள்.

"எத்தனை துண்டு?"

"மூணு. குழிக்கு ஒண்ணு. பாரபட்சம் பாக்கல."

"கோடாலியாலயா?"

"பின்ன கத்தரிக்கோலாலயா? அந்தத் தடிமனுக்கு…"

"அவர் சத்தம் போட்டாரா?"

'யார்?' என்று கேட்க வாயைத் திறந்தான் அவெனீர்.  அந்த 'ஹக்' அவன் காதுக்குள் இன்னும் இருந்தது.

அப்போதுதான் தாஸ்யா சொன்னாள். இடிக்கப்போகும் வீட்டில், அவளுடைய முப்பாட்டன் காலத்திலிருந்து அடுப்புக்குப் பின்னால் குடியிருந்து வீட்டைக் காத்த ஆவியை, வீட்டுத் தாத்தாவை, அவள் அநாதையாக விட்டுவிட்டு வரவில்லை. முறைப்படி ஒரு பழைய பூட்ஸைத் தரையில் வைத்து, உள்ளே ரொட்டி போட்டு, "தாத்தா, ஏறிக்குங்க, நம்ம புது வீட்டுக்குப் போலாம்" என்று கூப்பிட்டு, பூட்ஸ் கனத்ததும் மடியில் வைத்து பஸ்ஸில் கொண்டுவந்தாள். பக்கத்து சீட்டுக்காரி கோழியா என்று கேட்டாளாம். அவர் அடுப்புக்குப் பின்னால் குடியேறிய பிறகுதான் வீடு அவளைத் திரும்பிப் பார்த்தது.

"எங்கிட்ட சொல்லியிருக்கலாம்ல?"

"சொல்லியிருந்தா சிரிச்சிருப்ப."

சிரித்திருப்பான். அவன் சிரித்தால் அடுத்த ஸ்டேஷனில் கைகாட்டி விழும்.

"பெட்டிய நான் அவுக்கல" என்றாள் தாஸ்யா. குரலில் கோபம்கூட இல்லை. அதுதான் அவனைக் கலக்கியது. "அவர் இல்லாத வீட்டுல என்னால ஒரு ராத்திரி கண்ண மூட முடியாது. இருட்டுறதுக்குள்ள அவரை முழுசா எடுத்துக் குடு. இல்ல, சாயங்கால பஸ்ஸுக்கு நான் போறேன்."

அவெனீர் மண்வெட்டியை எடுத்தான். எதற்கும் இருக்கட்டும் என்று ரஃபீஸையும் கூப்பிட்டான். விஷயத்தைக் கேட்டதும் ரஃபீஸ் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டான்.

"எங்க வீட்லயும் ஒருத்தர் இருக்காருப்பா. நாங்க அவரை பூட்ஸ்லயும் போடறதில்ல, உரக்குழியிலயும் போடறதில்ல. கஞ்சி வெப்போம், கும்பிடுவோம், அவ்வளவுதான்."

"நீதானடா கம்பளி போடச் சொன்ன!"

"கம்பளி போடச் சொன்னேன். கம்பளிக்குள்ள ஆள் இருக்காங்களான்னு பாக்கறது உன் வேலை."

முதல் குழியைத் திறந்தார்கள். மேல்மண்ணை வாரியதும் இரண்டு பேருக்கும் கை நின்றுபோனது. அவெனீர் அத்தனை பாடுபட்டுக் கலந்த மண் கலந்த மாதிரியே இல்லை. யாரோ உள்ளே உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்து வைத்திருந்தார்கள். சாம்பல் ஒரு மூலையில், விரலால் தட்டிச் சீராக்கிய சின்னக் குவியலாக. உருளைக்கிழங்குத் தோல்கள் இன்னொரு மூலையில், ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி. சாணம் விறகு அடுக்குவது போலச் சுவரோரமாக. நடுவில் கூட்டிப் பெருக்கிய மண்தரை. துடைப்பத்தின் கோடுகள்கூடத் தெரிந்தன. தரையில் பூட்ஸின் தண்டு விரித்துப் போட்ட படுக்கையாகக் கிடந்தது. அதிலிருந்து புதிதாகச் சுட்ட ரொட்டியின் வாசனை வந்தது.

"குடித்தனம் நடக்குது" என்றான் ரஃபீஸ் மிக மெதுவாக.

தாஸ்யா குனிந்து இரண்டு கையாலும் அந்தத் துண்டை எடுத்துச் சால்வைக்குள் வைத்துக்கொண்டாள். அது செருமியது. "ஆமா தாத்தா, ஆமா. முட்டாள்தான். கட்டிக்கிட்டாச்சு, என்ன பண்றது" என்றாள்.

நடுக்குழியிலும் அதே பெருக்கிய தரை. வாஸ்காவைத் தூக்கி அப்புறப்படுத்துவதற்குள் அது அவெனீரின் கையில் உரால் மலைத்தொடரையே வரைந்துவிட்டது. முன்பாதத் துண்டு சூடாக இருந்தது. எடுத்தபோது அவெனீரின் உள்ளங்கையை ஒரு தடவை இடித்தது.

வேலியோரக் குழியில் மண்வெட்டியை வைத்ததும் மண் கீழே போய்விட்டது. சரிந்துகூட விழவில்லை. கிண்ணத்திலிருந்து கஞ்சியை உறிஞ்சுவது போல ஒரே இழுப்பில் உள்ளே போனது. சாம்பலும் தோலும் சாணமும் எல்லாம் போய், வாளி அகலத்துக்கு ஒரு கறுப்புத் துவாரம் மிஞ்சியது. அதிலிருந்து குளிர்ந்த காற்று வந்தது. இந்தப் பக்கத்துப் பாறையெல்லாம் பொந்து. தரை திடீரென்று உள்வாங்குவது புதிதல்ல. மாட்டோடு மேய்ச்சல் நிலமே இறங்கிய கதையெல்லாம் உண்டு. ரஃபீஸ் ஒரு கல்லைப் போட்டான். மூன்று பேரும் கேட்டுக்கொண்டு நின்றார்கள். கல் விழுந்த சத்தம் வரவே இல்லை. வந்தது நடை. டொக்… டொக்… மிக ஆழத்தில், படிக்கட்டு இறங்குவது போல.

"தாத்தா!" என்று தாஸ்யா துவாரத்துக்குள் கூப்பிட்டாள். "மேல வாங்க! வீட்டுக்குப் போலாம்!"

நடை நின்றது. கேட்டது போலிருந்தது. பிறகு மறுபடி இறங்கத் தொடங்கியது.

தாஸ்யா கவிழ்த்துப்போட்ட வாளிமேல் உட்கார்ந்து, கோணிஊசியும் சணல் நூலும் எடுத்து, தண்டையும் முன்பாதத்தையும் சேர்த்துத் தைத்தாள். தைத்து முடித்துத் தரையில் நிறுத்தினாள். பூட்ஸ் நிற்கவில்லை. பின்னால் குதிகால் இருக்க வேண்டிய இடத்தில் ஓட்டை. சாய்ந்து விழுந்தது. மறுபடி நிறுத்தினாள். மறுபடி விழுந்தது. வெயில் வேலிக்குக் கீழே இறங்கிக்கொண்டிருந்தது. சாலை வளைவில் பஸ் வரும் நேரம்.

"குதிகால் இல்லாம எப்படி நடந்து வருவார்?" என்றாள், யாரிடமும் இல்லாமல். பெட்டியை அவள் முன்பே வாசற்படியில் கொண்டுவந்து வைத்திருந்தாள்.

அவெனீர் வீட்டுக்குள் ஓடித் தன் கம்பளிப் பூட்ஸைக் கொண்டுவந்தான். "இதுல இருந்து வெட்டிக்கோ."

"இதைப் போட்டுக்கிட்டு எவ்வளவு நாள் நடந்திருக்க?"

"எஞ்சின்ல பூரா இதுதான். ஏன், அழுக்கா?"

"இல்ல" என்றாள். அவன் முகத்தைக் கொஞ்சம் அதிகமாகவே பார்த்தாள். "உன் நடை இதுல ஊறியிருக்கும். யோசிச்சுக்கோ."

யோசிக்க என்ன இருக்கிறது! வலது பூட்ஸின் குதிகாலைக் கத்தியால் அறுத்தான். அறுக்கும்போது அவனுடைய வலது குதிகாலில் ஜில்லென்று ஒன்று ஏறி முழங்காலோடு நின்றது. வலி இல்லை. தாஸ்யா அந்தத் துண்டை வைத்து நெருக்கித் தைத்து, ஒரு கவளம் ரொட்டியை உள்ளே போட்டு, பூட்ஸைத் துவாரத்தின் ஓரத்தில் நிறுத்தினாள். நின்றது.

"நீ கூப்பிடு" என்றாள்.

"நானா?"

"வெட்டினது நானா?"

இதற்குள் வேலிகளுக்கு மேல் தலைகள் முளைத்துவிட்டன. தோட்டக் குடியிருப்பு முழுவதும் அங்கேதான். ஆற்றுக்கு அக்கரையிலிருந்து படகில்கூட வந்தார்கள். அவெனீர் தொப்பியைக் கழற்றினான். இடுப்பு உடையக் குனிந்தான். அவனுக்கு மந்திரம் தெரியாது. தெரிந்த ஒரே பாஷையில் பேசினான்.

"தாத்தா… தெரியாம செஞ்சுட்டேன். நம்ம வீட்டு வண்டி கிளம்பப்போகுது. இதுதான் கடைசி வண்டி. நீங்க ஏறலன்னா அவளும் ஏற மாட்டா, நான் காலி வண்டி ஓட்டணும். ஏறிக்குங்க தாத்தா."

துவாரத்துக்குள் நடை நின்றது.  பஸ் வந்து நின்ற சத்தமும், கதவு மூடி அது கிளம்பிப் போன சத்தமும் சாலையிலிருந்து வந்தன. தாஸ்யா திரும்பிப் பார்க்கவில்லை. பிறகு கீழேயிருந்து டொக், டொக், டொக் என்று, கிழவர்கள் ஏறும் வேகத்தில் இல்லை, விசில் ஊதிய பிறகு ஓடிவரும் பயணியின் வேகத்தில். துவாரத்திலிருந்து வந்த குளிர்காற்று சட்டென்று நின்றுபோனது. பூட்ஸின் சரிந்த தண்டு மெல்ல நிமிர்ந்தது.

அவெனீர் அதைத் தூக்கினான். எஞ்சின் கொதிகலனைத் தனியாகத் தள்ளியதாகச் சொல்லிக்கொள்ளும் ஆள், ரஃபீஸையும் ஒரு கை பிடிக்கச் சொன்னான். இருவரும் வாசலுக்குள் கொண்டுபோவதற்குள் வழியில் புல் அழுந்தி வண்டித்தடம் போலப் பதிந்துவிட்டது. அடுப்புக்குப் பின்னால் வைத்ததும் யாரும் தீக்குச்சியைத் தொடுமுன்னே அடுப்பில் கட்டை படபடவென்று பற்றிக்கொண்டது. வாஸ்கா அவெனீரைப் பார்க்காமலே அவனைத் தாண்டி உள்ளே போனது. தாஸ்யா வாசற்படியிலிருந்த பெட்டியை எடுத்து வந்து அவிழ்த்தாள். அவெனீர் அதைப் பார்த்துக்கொண்டே நின்றான். ஒவ்வொரு துணியாக வெளியே வந்து அலமாரிக்குப் போனது.

துவாரத்தை அடைக்க ரஃபீஸ் டிராக்டரில் கல்லும் களிமண்ணும் கொண்டுவந்து கொட்டினான். எவ்வளவு என்று கேட்டால் பக்கத்தில் ஒரு மலை குறைந்திருக்கிறது என்பான். மற்ற இரண்டு குழிகளில் அவெனீர் மறுபடி மண் கலந்தான். அடியில் வைக்கோல் போட்டான். கம்பளி என்ற வார்த்தையையே எடுக்கவில்லை. மண் ஒழுங்காக அமுங்கி உட்கார்ந்தது. செப்டம்பர் கடைசியில் ஸ்மரோதினாவைக் கொஞ்சம் சாய்த்து, கழுத்துவரை மண்ணுக்குள் இறக்கி நட்டார்கள். தாஸ்யா ஓர் இலையைக் கசக்கி முகர்ந்து, அவன் மூக்கிலும் வைத்தாள்.

முதலில் கவனித்தவன் ரஃபீஸ்.

"யோவ், பூனை மாதிரி வந்து நிக்கிற! நீ வந்தா முன்னெல்லாம் கோழிங்க முட்டைய பாதியில நிறுத்துமே."

அவெனீர் சிரித்தான். ஆனால் வீட்டுக்குள் மரத்தரையில் நடந்து பார்த்தான். இடது கால் டொம் என்றது. வலது கால் ஒன்றும் சொல்லவில்லை. ஓங்கி மிதித்தான். பலகை அதிர்ந்தது, கோப்பைகள் ஆடின, சத்தம் மட்டும் இல்லை. முதல் பனி விழுந்த காலையில் புதுப் பூட்ஸ் போட்டுக்கொண்டு கதவைத் திறந்து கிணற்றடிவரை போய்த் திரும்பிப் பார்த்தான். இடது கால் முழுசாகப் பதிந்திருந்தது. வலது காலில் முன்பாதம் மட்டும். குதிகால் இருக்க வேண்டிய இடத்தில் பனி தொடாமல் வெள்ளையாக இருந்தது. துடைப்பத்தால் அந்தத் தடங்களை எல்லாம் கலைத்துவிட்டுத்தான் உள்ளே வந்தான்.

தாஸ்யா பனியை ஜன்னல் வழியாகப் பார்த்தாள். போவதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. கன்னத்தில் சதை பிடித்திருந்தது. மாமிசக் கொழுக்கட்டை செய்து அவனுக்கு ஒரு வண்டி வைத்தாள். சாப்பிட்டபின் அடுப்பையொட்டிய பலகைமேல் சால்வையைப் போர்த்திக்கொண்டு சுவர் பக்கம் திரும்பிப் படுத்தாள். வெளியே பகல் அதற்குள் சாம்பல் நிறமாகிக்கொண்டிருந்தது.

அவெனீர் மேசையருகே உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தான். அப்போது அடுப்புக்குப் பின்னால் நடை தொடங்கியது. டொம். டொம். கிழவரின் நடை இல்லை அது. கனமான, நிதானமான, எஞ்சின் படியில் ஏறிப் பழகிய நடை. தன் நடையைத் தானே எதிரே உட்கார்ந்து கேட்பது எப்படி இருக்கும் என்று அவன் அதுவரை யோசித்ததில்லை. அது அடுப்பைச் சுற்றி வந்து, தாஸ்யாவின் தலைமாட்டில் நின்றது. பிறகு திரும்பி நடந்தது.

"நீ இப்படி நடக்கற சத்தம் கேட்டாத்தான் எனக்கு நிம்மதியா இருக்கு" என்றாள் தாஸ்யா, கண்ணைத் திறக்காமல், பாதித் தூக்கத்தில். "நிறுத்தாத. நான் தூங்கற வரைக்கும் நட."

'நான் இங்கே உட்கார்ந்திருக்கிறேன்' என்று சொல்லலாம். சொன்னால் அவள் திரும்பிப் பார்ப்பாள். பார்த்தால் மறுபடி கண் மூடுவாளோ என்னவோ.

"தூங்கு" என்றான் அவெனீர், முடிந்தவரை அடுப்புப் பக்கமிருந்து வருவது போல. "நடந்துக்கிட்டுதான் இருக்கேன்."

இரண்டு கால்களையும் மேசைக்கடியில் இழுத்து வைத்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்தான். நடை தொடர்ந்தது. கொஞ்ச நேரத்தில் தாஸ்யாவின் குறட்டை கேட்டது.